எழுநூறு ஆண்டு நாட்குறிப்பு

கி.மு. 323 ஜூன் 11 அன்று பாபிலோன் நகரில் அலெக்சாந்தர் இறந்தார். தேதியை இவ்வளவு உறுதியாகச் சொல்ல முடிவதற்கு அவருடைய வரலாற்றை எழுதிய கிரேக்கர்கள் காரணமல்ல. அவர்களுக்குள்ளேயே தேதியில் முரண்பாடு உண்டு. அதே ஊரில் வானத்தைப் பார்த்துக் குறிப்பெழுதும் வேலையில் இருந்த ஒருவர், அரசர் இறந்த செய்தியையும் அன்று வானம் மேகமூட்டமாக இருந்த செய்தியையும் ஈரக் களிமண்ணில் பதிந்துவைத்தார். இரண்டுக்கும் அவர் கொடுத்த இடம் ஏறக்குறைய ஒரே அளவு. அவருக்கு எட்டு ஆண்டுகள் முன்னால் இதே வேலையில் இருந்தவர்கள், கி.மு. 331 செப்டம்பர் 20-இல் நிகழ்ந்த சந்திர கிரகணத்தையும், அடுத்த சில நாள்களில் பாரசீகப் பேரரசர் டேரியஸ் போர்க்களத்தில் தோற்றதையும் இப்படித்தான் எழுதினார்கள்.

பாபிலோனிய வான நாட்குறிப்புகள் என்று இன்று நாம் அழைக்கும் இந்தக் களிமண் ஏடுகளில் கிடைத்தவற்றுள் மிகப் பழையது கி.மு. 652-ஐச் சேர்ந்தது, கடைசியானது கி.மு. 61-ஐச் சேர்ந்தது. வழக்கம் அதற்கும் முன்பே, நபோனசார் மன்னர் பட்டமேறிய கி.மு. 747-ஐ ஒட்டித் தொடங்கியிருக்க வேண்டும். அந்த மன்னரின் காலத்திலிருந்து பாபிலோனியக் கிரகணக் குறிப்புகள் தொடர்ச்சியாகக் கிடைக்கின்றன என்று அலெக்சாந்திரியாவின் வானியலாளர் தாலமியே எழுதியிருக்கிறார். ஆக, ஏறத்தாழ எழுநூறு ஆண்டுகள். இதற்கிடையில் அசீரியர், கல்தேயர், பாரசீகர், மாசிடோனியர், பார்த்தியர் என்று ஆட்சி கைமாறிக்கொண்டே இருந்தது. குறிப்பெழுதும் வேலை நிற்கவில்லை. அறிவியல் கிரேக்கத்தில் பிறந்தது என்று பள்ளியில் படித்தவர்கள் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் இருக்கும் இந்த ஏடுகளை அறிந்தால் அந்த எண்ணத்தை மாற்றிக்கொள்வார்கள் என்று நம்புகிறேன்.

ஒரு மாதக் குறிப்பு எப்படி இருக்கும் என்று பார்ப்போம். பாபிலோனில் மாதம் பிறப்பது கணக்கால் அல்ல, கண்ணால். சூரியன் மறைந்தபின் மேற்கே மெல்லிய பிறை தெரிந்தால் அன்று மாலை புது மாதம். ஆகவே முதல் வரி, போன மாதம் 29 நாளா 30 நாளா என்பது. அடுத்து, சூரியன் மறைந்து எவ்வளவு நேரம் கழித்து அந்தப் பிறை மறைந்தது. பிறகு ஒவ்வோர் இரவும் நிலவு எந்த விண்மீனைக் கடந்தது, அதற்கு மேலேயா கீழேயா, எத்தனை முழம், எத்தனை விரல். நிலவின் பாதையை ஒட்டி ஏறத்தாழ முப்பது விண்மீன்களை அவர்கள் அடையாளக் கற்களாக வைத்திருந்தார்கள். நம் பஞ்சாங்கத்தில் வரும் ரோகிணி, மகம், சித்திரை, கேட்டை நான்கின் முதன்மை விண்மீன்களும் அவற்றில் உண்டு. 24 விரல் ஒரு முழம். வானத்தில் ஒரு முழம் சுமார் இரண்டு பாகை, அதாவது நான்கு முழுநிலவுகளை வரிசையாக வைத்தால் வரும் அகலம்.

கோள்கள் முதன்முதலாகத் தென்பட்ட நாள், கண்ணிலிருந்து மறைந்த நாள், பின்னோக்கி நகரத் தொடங்கிய நாள் எல்லாம் வரிசையாக வரும். வானம் மூடியிருந்தால் மேகம் என்று எழுதினார்கள். கணக்கிட்டுப் போட்ட எண்ணாக இருந்தால், நேரில் பார்க்கவில்லை என்பதையும் சேர்த்து எழுதினார்கள். எனக்கு இந்த ஏடுகளில் மிகப் பிடித்த பழக்கம் இதுதான். பார்த்ததையும் கணித்ததையும் கலக்காமல் வைப்பது இன்றைய ஆய்வுக்கூடத்தில் மாணவருக்கு முதலில் சொல்லித்தரும் பாடம். அதைச் சொல்லித்தர யாரும் இல்லாத காலத்திலேயே இவர்கள் கைக்கொண்டார்கள்.

மாதக் கடைசியில் வானத்தை விட்டுத் தரைக்கு இறங்குவார்கள். ஒரு ஷெக்கல் வெள்ளிக்குப் பார்லி எவ்வளவு, பேரீச்சம்பழம் எவ்வளவு, எள் எவ்வளவு, கம்பளி எவ்வளவு என்று ஆறு பண்டங்களின் சந்தை நிலவரம் வரும். யூஃப்ரடீஸ் நதியில் தண்ணீர் ஏறியதா இறங்கியதா என்பது வரும். ஊரில் நடந்த முக்கியமான சேதி வரும். பண்டைய உலகின் விலைவாசியை ஆராயும் பொருளியல் அறிஞர்களுக்கு இந்த ஏடுகளைப் போல நீண்ட தொடர் வேறெங்கும் கிடைப்பதில்லை. வானியலாளர்களுக்கும் அப்படியே. கி.மு. 164-இலும் கி.மு. 87-இலும் வந்துபோன ஹாலி வால்மீனை இவர்கள் பதிந்திருக்கிறார்கள்; அதன் பழைய பாதையைச் சரிபார்க்க அந்த வரிகள் பயன்பட்டன.

இவ்வளவு சிரமம் எதற்கு? பயம் ஒரு பெரிய காரணம். அதை மறைத்து, ஏதோ தூய அறிவு வேட்கையால் இவர்கள் இரவெல்லாம் விழித்திருந்தார்கள் என்று எழுதுவது பொய்யாகிவிடும். மெசப்பொத்தேமியாவில் வானம் என்பது தெய்வங்கள் அரசனுக்கு எழுதும் கடிதம். எனுமா அனு என்லில் என்னும் தொகுப்பு எழுபது ஏடுகள் அளவில் ஆயிரக்கணக்கான சகுனங்களைப் பட்டியலிடுகிறது. அதன் 63-ஆம் ஏடு வியப்பானது. அம்மிசதுகா என்ற மன்னரின் காலத்தில், கி.மு. 17-ஆம் நூற்றாண்டை ஒட்டி, வெள்ளிக் கோள் எந்தெந்த நாளில் மறைந்தது, எத்தனை நாள் கழித்து மறுபடி தெரிந்தது என்று 21 ஆண்டுக் குறிப்பு அதில் இருக்கிறது. ஒவ்வொரு குறிப்புக்கும் பக்கத்தில் மழை வரும், போர் வரும், விளைச்சல் நன்றாக இருக்கும் என்று பலன்.

சகுனங்களில் கொடியது சந்திர கிரகணம். நிலவின் வட்டத்தை நான்காகப் பிரித்து, ஒவ்வொரு கால்பகுதியையும் ஒரு நாட்டுக்கு ஒதுக்கியிருந்தார்கள். நிழல் எந்தப் பகுதியை மூடுகிறதோ அந்த நாட்டு அரசன் சாவான். வியாழன் அப்போது வானில் தெரிந்தால் தப்பிக்கலாம். கி.மு. 7-ஆம் நூற்றாண்டில் அசீரியாவை ஆண்ட எசர்ஹாதோனுக்கு அவருடைய வானறிஞர்கள் எழுதிய கடிதங்கள் நினிவேயில் தோண்டி எடுக்கப்பட்டன. கெட்ட கிரகணம் நேர்ந்தால் என்ன செய்தார்கள் என்பது அவற்றிலிருந்து தெரிகிறது. எளிய மனிதன் ஒருவனைப் பிடித்து அரச உடை உடுத்தி அரியணையில் உட்காரவைத்தார்கள். உண்மையான அரசர் ஒதுங்கி இருந்தார். அறிஞர்கள் அவருக்கு எழுதும்போது உழவர் என்றே விளித்தார்கள். அதிகபட்சம் நூறு நாள். அதற்குள் அந்தப் போலி அரசனைக் கொன்று, அரச மரியாதையோடு புதைத்து, சகுனம் நிறைவேறிவிட்டது என்று அரசரை மீண்டும் அரியணையில் ஏற்றினார்கள். எசர்ஹாதோன் காலத்தில் இது ஒருமுறைக்கு மேல் நடந்தது. வானியலின் தொடக்க வரலாற்றில் பெயரில்லாத இந்த மனிதர்களின் உயிரும் சேர்ந்திருக்கிறது.

இப்படிப்பட்ட அரசவையில், கிரகணம் வந்தபின் பலன் சொல்பவரைவிட, எப்போது வரும் என்று முன்கூட்டிச் சொல்பவருக்கு மதிப்பு அதிகம். அங்கேதான் பழைய குறிப்புகள் வேலைக்கு வந்தன. கிரகணம் எந்தப் பௌர்ணமியிலும் வந்துவிடுவதில்லை. ஒரு கிரகண வாய்ப்புக்கும் அடுத்ததற்கும் இடையே ஆறு மாதம், சிலசமயம் ஐந்து மாதம். பல தலைமுறைக் குறிப்புகளை வரிசையாக அடுக்கியபோது இதற்கும் மேலான ஓர் ஒழுங்கு வெளிப்பட்டது. 223 மாதம் கழிந்தால் கிரகணங்களின் வரிசை அப்படியே திரும்புகிறது. 18 ஆண்டு, 11 நாள், 8 மணி நேரம். அந்த இடைவெளிக்குள் 38 கிரகண வாய்ப்புகள்.

ஏன் திரும்புகிறது? நிலவின் பாதையும் சூரியனின் பாதையும் வெட்டிக்கொள்ளும் இரு புள்ளிகளை நம்மவர்கள் ராகு, கேது என்றார்கள். பௌர்ணமியன்று நிலவு அந்தப் புள்ளிக்கு அருகில் இருந்தால்தான் பூமியின் நிழலுக்குள் போகும். 223 பௌர்ணமிகளுக்குள் நிலவு ராகுவிடம் 242 முறை திரும்பிவிடுகிறது. தன் பாதையில் பூமிக்கு மிக அருகே வரும் இடத்துக்கு 239 முறை திரும்பிவிடுகிறது. மூன்று சுற்றுகளும் ஏறக்குறைய ஒரே நாளில் முடிகின்றன. பாபிலோனியர்களுக்கு இந்த விளக்கம் தேவைப்படவில்லை. பூமியின் நிழல் பற்றி அவர்களுடைய கணக்கு ஏடுகள் எதுவும் பேசுவதில்லை. குறிப்புகள் இருந்தன, ஒழுங்கு தெரிந்தது, அது போதுமானதாக இருந்தது.

அந்த 8 மணி நேரம் மட்டும் ஒரு தொல்லை. 2025 செப்டம்பர் 7 இரவு தமிழ்நாட்டில் முழுச் சந்திர கிரகணம் பார்த்தோமே, அதற்கு ஒரு சுற்று முன்னால் வந்தது 2007 ஆகஸ்ட் 28-ஆம் தேதி. ஆனால் கிரகணம் உச்சத்தில் இருந்தபோது நமக்கு மாலை நான்கு மணி, நிலவே உதித்திருக்கவில்லை. அடுத்தது 2043 செப்டம்பர் 19. அப்போது நமக்குக் காலை ஏழு மணிக்கு மேல் ஆகியிருக்கும், நிலவு மறைந்துவிடும். பூமி கூடுதலாக மூன்றில் ஒரு பங்கு சுழன்றுவிடுவதால் வரும் வித்தியாசம் இது. மூன்று சுற்று, அதாவது 54 ஆண்டுக்கு மேல் காத்திருந்தால்தான் கிரகணம் அதே ஊரில் ஏறக்குறைய அதே நேரத்துக்கு வரும். ஒருவர் தன் வாழ்நாளில் இரண்டாம் முறை இதைப் பார்ப்பதே அரிது. தாத்தாவின் குறிப்பைப் பேரன் எடுத்துப் படிக்கக்கூடிய ஓர் அமைப்பு இல்லாமல் இந்த ஒழுங்கு யார் கண்ணிலும் பட்டிருக்காது.

அந்த அமைப்பும் இருந்தது. பாபிலோனின் எசகிலா கோயில் மன்றத்தின் ஆவணங்கள் சில கிடைத்திருக்கின்றன. வானம் பார்ப்பவர்களுக்குக் கோயிலிலிருந்து வெள்ளியும் விளைநிலமும் சம்பளமாகப் போயின. ஒருவர் இறந்தால், அந்த வேலையைச் செய்யும் திறமை அவருடைய மகன்களுக்கு இருக்கிறது என்று உறுதியானபின் மன்றம் அவர்களை நியமித்தது. பரம்பரை உத்தியோகம்தான், ஆனால் தகுதி பார்த்துத் தந்த பரம்பரை.

நீண்ட குறிப்பு எவ்வளவு பெரிய கருவி என்பதை மாதத்தின் நீளத்தை வைத்துச் சொல்கிறேன். ஒரு பௌர்ணமியிலிருந்து அடுத்த பௌர்ணமிவரை சராசரியாக எவ்வளவு நேரம்? தொலைநோக்கி இல்லை, நல்ல கடிகாரம் இல்லை. கிரகணத்தின் நேரத்தைக் குறிப்பதில் ஒரு மணி நேரம் பிழை வந்துவிடுகிறது என்று வைத்துக்கொள்வோம். இருபது ஆண்டு இடைவெளியில் உள்ள இரு கிரகணங்களை எடுத்து, நடுவிலுள்ள 247 மாதங்களால் வகுத்தால், அந்தப் பிழை மாதத்துக்கு 15 வினாடி அளவாகச் சுருங்கும். 345 ஆண்டு இடைவெளியில் 4,267 மாதம். அதே ஒரு மணி நேரப் பிழை அங்கே மாதத்துக்கு ஒரு வினாடிக்கும் குறைவு. கருவி மோசமாக இருந்தாலும் காலம் அதை ஈடுகட்டிவிடும், இடையில் யாரும் எழுதுவதை நிறுத்தாமல் இருந்தால்.

பாபிலோனியர் வந்துசேர்ந்த விடை 29 நாள், 12 மணி, 44 நிமிடம், மூன்றேகால் வினாடிக்குச் சற்று மேல். இன்றைய அளவீடு மூன்று வினாடிக்குச் சற்றுக் குறைவு. வித்தியாசம் அரை வினாடிகூட இல்லை. இதே எண்ணைக் கிரேக்க வானியலாளர் ஹிப்பார்க்கஸ் ஏற்றுக்கொண்டார். தாலமி தன் நூலில் எழுதினார். யூதர்களின் நாள்காட்டி இன்றைக்கும் இதே மாத அளவில்தான் நடக்கிறது.

கி.மு. 4-ஆம் நூற்றாண்டுக்குப் பிறகு இவர்களின் ஏடுகள் இன்னொரு கட்டத்துக்குப் போகின்றன. பக்கம் முழுக்க எண் மட்டுமே. ஒவ்வொரு வரியும் ஒரு மாதம் அல்லது ஒரு நாள். ஒவ்வொரு பத்தியும் ஒரு கணக்கு. அறுபதை அடிப்படையாகக் கொண்ட எண்முறை. ஒரு மணிக்கு அறுபது நிமிடம், ஒரு பாகைக்கு அறுபது கலை என்பதெல்லாம் அங்கிருந்து உலகத்துக்குப் பரவியவை. கிதின்னு, நபு-ரிமன்னி என்ற இருவரின் பெயர்கள் இந்தக் கணிதத்தோடு சேர்த்துச் சொல்லப்படுகின்றன. கிரேக்க, ரோமானிய எழுத்தாளர்களுக்கும் அந்தப் பெயர்கள் எட்டியிருந்தன.

அவற்றில் ஒரே ஒரு கணக்கை விரித்துப் பார்ப்போம். நிலவு தினமும் ஒரே வேகத்தில் நகர்வதில்லை. சில நாள் சற்று மெதுவாக, சில நாள் சற்று விரைவாக. இதை அவர்கள் இப்படிப் பிடித்தார்கள்: மிகக் குறைந்த வேகம் நாளுக்கு 11 பாகை, 6 கலை, 35 விகலை (அறுபது விகலை ஒரு கலை). மறுநாள் அதோடு 18 கலையைக் கூட்டு. அதற்கு மறுநாள் இன்னொரு 18 கலை. 15 பாகை, 14 கலை, 35 விகலை என்ற உச்சத்தைத் தொட்டதும் அதே 18 கலையைக் கழித்துக்கொண்டே இறங்கு. அடிக்கு வந்ததும் மறுபடி ஏறு. அவ்வளவுதான் விதி. கூட்டலும் கழித்தலும் தெரிந்த யாரும் போடலாம்.

அடிக்கும் உச்சிக்கும் இடையே உள்ள தூரத்தைக் கழித்துப் பாருங்கள். 4 பாகை 8 கலை. கலையாக மாற்றினால் 248. ஏறி இறங்க 496. அதை 18-ஆல் வகுத்தால் 27 நாளும் ஒன்பதில் ஐந்து பங்கும். ஆகவே ஒன்பது சுற்று சரியாக 248 நாளில் முடிகிறது. நிலவின் வேகச் சுற்றுக்கு இன்று நாம் அளந்திருக்கும் நீளத்தை ஒன்பதால் பெருக்கினால் 247.99 நாள். இந்த 248-ஐ நினைவில் வையுங்கள்.

இந்த எண் ஏடுகள் இரண்டாயிரம் ஆண்டு மண்ணுக்குள் கிடந்தன. 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்துக்கு ஆயிரக்கணக்கில் வந்துசேர்ந்தபோது, யோஹான் ஸ்ட்ராஸ்மையர் என்ற யேசு சபைப் பாதிரியார் அவற்றைப் பொறுமையாகப் பார்த்துப் படியெடுத்தார். எண்கள் எதைப் பற்றியவை என்று அவருக்குப் பிடிபடவில்லை. அதே சபையைச் சேர்ந்த கணித ஆசிரியர் யோசப் எப்பிங்கிடம் கொடுத்தார். எண்களின் ஏற்ற இறக்கத்தை மட்டும் வைத்து, இது நிலவு, இது வியாழன் என்று எப்பிங் கண்டுபிடித்தார். 1881-இல் முதல் கட்டுரை வெளிவந்தது. அவருக்குப் பின் குக்லர், அவருக்குப் பின் ஆட்டோ நாய்கபவர். இட்லரின் ஆட்சி வந்ததும் ஜெர்மனியை விட்டு வெளியேறிப் பின்னர் அமெரிக்காவில் பணியாற்றிய நாய்கபவர், ஏறத்தாழ 300 ஏடுகளைத் தொகுத்து 1955-இல் வெளியிட்டார். கதை அதோடு முடியவும் இல்லை. வியாழன் 60 நாளில் நகரும் தூரத்தை, வேகத்தை ஒரு பக்கமாகவும் காலத்தை இன்னொரு பக்கமாகவும் கொண்ட சரிவகத்தின் பரப்பளவாக இவர்கள் கணித்தார்கள் என்று மத்தியூ ஒசெந்திரைவர் 2016-இல் காட்டினார். இந்த யோசனை முதன்முதலில் 14-ஆம் நூற்றாண்டு ஆக்ஸ்போர்டில்தான் தோன்றியது என்று அதுவரை நினைத்திருந்தோம்.

பாபிலோனியரின் ஆப்பெழுத்தில் எழுதிய, காலம் கணிக்கப்பட்ட கடைசி வானியல் ஏடுகள் கி.பி. முதல் நூற்றாண்டைச் சேர்ந்தவை. அதற்குப்பின் அந்த எழுத்தைப் படிக்க ஆளில்லை. ஆனால் 248 அதற்கு முன்பே பயணம் புறப்பட்டிருந்தது. எகிப்தில் கிடைத்த கி.பி. 3-ஆம் நூற்றாண்டுக் கிரேக்கப் பாப்பிரஸ் ஒன்றில் அது இருக்கிறது. கூடவே 3,031 என்ற இன்னோர் எண்ணும் இருக்கிறது. 248 நாள் கணக்கில் ஒவ்வொரு முறையும் சுமார் 13 நிமிடம் பிழை சேரும். 3,031 நாளில் 110 சுற்று ஏறக்குறைய மிச்சமின்றி முடிவதால் அந்தப் பிழையை அங்கே சரிசெய்துகொள்ளலாம். 6-ஆம் நூற்றாண்டில் வராகமிகிரர் தொகுத்த பஞ்சசித்தாந்திகையிலும் 248 வருகிறது. கிரேக்க வழியாக இந்தியாவுக்கு வந்தது என்பதே பெரும்பாலான வரலாற்றாசிரியர்களின் முடிவு.

வந்த இடத்தில் அது வேர்விட்டது தென்னிந்தியாவில். வரருசியின் பெயரால் வழங்கும் சந்திர வாக்கியங்கள் மொத்தம் 248. ஒவ்வொரு வாக்கியமும், சுற்றின் தொடக்கத்திலிருந்து அந்த நாள்வரை நிலவு மொத்தம் எவ்வளவு நகர்ந்திருக்கும் என்பதை எழுத்துகளுக்குள் எண்ணாக ஒளித்துவைத்திருக்கிறது. முதல் வாக்கியம் 12 பாகை 3 கலை. இரண்டாவது 24 பாகை 9 கலை. இங்கே பாபிலோனின் நேரான ஏற்ற இறக்கம் இல்லை. நம் கணிதர்கள் அதை எடுத்துவிட்டு ஜ்யா என்னும் முக்கோணவியல் அளவை வைத்து மதிப்புகளைத் திருத்தினார்கள். சுற்றின் நீளத்தை மட்டும் மாற்றாமல் வைத்துக்கொண்டார்கள். தமிழகப் பகுதியில் 1300-ஐ ஒட்டி எழுந்த வாக்கியகரணம் என்ற நூல் இந்த முறையை முழுமையாக விவரிக்கிறது. அதில் 248-உம் உண்டு, 3,031-உம் உண்டு.

1825-இல் சென்னையில் ஜான் வாரன் என்பவர் காலசங்கலிதம் என்ற நூலை வெளியிட்டார். சென்னை வானாய்வு நிலையத்தைச் சில ஆண்டுகள் பொறுப்பேற்று நடத்தியவர் அவர். பாண்டிச்சேரியில் ஒரு தமிழ்ப் பஞ்சாங்கக்காரரைத் தேடிப் பிடித்து, அந்த ஆண்டு மே 31-க்கும் ஜூன் 1-க்கும் இடைப்பட்ட இரவில் வரவிருந்த சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டச் சொன்னார். பஞ்சாங்கக்காரர் தரையில் சோழிகளை வைத்தார். பட்டியல்களை மனப்பாடமாக வாக்கியங்களிலிருந்தே எடுத்தார். காகிதத்தில் எதையும் எழுதவில்லை. கிரகணத் தொடக்கத்தில் அவருக்கு 4 நிமிடம் பிழை. நடுவில் 23 நிமிடம். முடிவில் 52 நிமிடம்.

இந்த முறைக்குப் பின்னால் உள்ள கோட்பாடு எதுவும் அந்த மனிதருக்குத் தெரியாது, நினைவாற்றல் மட்டும் அபாரம் என்ற பொருளில் வாரன் எழுதிவைத்தார். அதை ஒரு குறையாகவே அவர் பார்த்தார் என்று தோன்றுகிறது. நாய்கபவர் அப்படிப் பார்க்கவில்லை. 1952-இல் தமிழ் வானியலைப் பற்றியே தனிக் கட்டுரை எழுதி, பாண்டிச்சேரித் தரையில் சோழிகள் நகர்ந்த ஒழுங்கைப் படிப்படியாகப் பிரித்து, அதன் அடியிலுள்ள எண்களைக் கிரேக்கப் பாப்பிரஸ் வழியாகப் பாபிலோனிய ஏடுகள்வரை கொண்டுபோய்ச் சேர்த்தார். வாரனின் நூல் வெளியான 1825-இல் ஐரோப்பாவில் ஒருவருக்கும் ஆப்பெழுத்து ஏட்டைச் சரியாகப் படிக்கத் தெரியாது. இன்றைய வானியல் அளவீடுகளை வைத்துக் கணிக்கும் திருக்கணிதம் வந்து நூறாண்டுக்கு மேலான பின்னும், தமிழ்நாட்டில் பல கோயில்கள் திருவிழா நாளைக் குறிப்பது வாக்கியப் பஞ்சாங்கத்தை வைத்துத்தான்.